கேள்வி – பதில்: ‘கட்! கட்!’ என்று கத்திய கூட்டமும் எரால்தோ தா ரோமாவும்

சென்ற இதழில் ஒரு வாசகருக்குப் பதில் எழுதும்போது, இத்தாலிய இயக்குநர்கள் டி சிகாவின் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ படத்துக்கும் அந்தோனியோனியின் ‘லாவெந்தூரா’வுக்கும் ஒரே எடிட்டர்தான், பெயர் எரால்தோ தா ரோமா என்று போகிறபோக்கில் சொல்லியிருந்தேன். அதைப் பிடித்துக்கொண்டு கடிதங்கள் வந்து குவிந்துவிட்டன. சரி, இந்த இதழ் முழுக்க அவருக்கே.

கே: யார் சார் இந்த எரால்தோ தா ரோமா? உலக சினிமா பற்றி நானும் நாலு புத்தகம் படித்திருக்கிறேன், இந்தப் பெயர் கண்ணில் பட்டதே இல்லையே? – திருச்சி வாசகர்

ப: பட்டிருக்கும், நீங்கள் தாண்டிப் போயிருப்பீர்கள். எல்லோரும் தாண்டிப் போகிற பெயர்தான் அது. 1900ல் ரோமில் பிறந்தவர், சொந்தக் குடும்பப் பெயர் யூதிகோனி. நூறு படங்களுக்கு மேல் எடிட் செய்தார், 1981ல் காலமானார். அந்த நூறில் முக்கியமானதை மட்டும் சொல்கிறேன், பாருங்கள்: இயக்குநர் ரொஸெல்லினியின் ‘ரோம் ஓப்பன் சிட்டி’ (1945), ‘பைசா’ (1946), ‘ஜெர்மனி இயர் ஜீரோ’ (1948). டி சிகாவின் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ (1948), ‘மிராக்கிள் இன் மிலான்’ (1951), ‘உம்பர்த்தோ டி’ (1952). அப்புறம் அந்தோனியோனிக்கு முதல் முழுநீளப் படமான ‘குரோனாகா தி உன் அமோரே’யில் (1950) தொடங்கி ‘லாவெந்தூரா’ (1960), ‘லா நோத்தே’ (1961), ‘லெக்லிஸ்ஸே’ (1962), ‘ரெட் டெசர்ட்’ (1964) வரைக்கும். இத்தாலிய சினிமாவின் இருபது வருடச் சரித்திரத்தை ஒரு பக்கத்தில் எழுதச் சொன்னால் இதில் பாதிப் படங்களாவது வந்துதான் ஆகும், அத்தனையிலும் இந்த ஒரு ஆளின் கை இருக்கிறது. எடுத்தவர்கள் மூன்று பேருக்கும் தனித்தனி அலமாரியே போடுகிற அளவுக்குப் புத்தகங்கள் வந்துவிட்டன, வெட்டி ஒட்டியவருக்கு டைட்டில் கார்டில் ஒரு வரி.

கே: நியோரியலிசம், அதாவது போருக்குப் பிந்தைய இந்த இத்தாலியப் படங்களின் பாணி என்றாலே தெருவில் நடப்பதை அப்படியே எடுத்துக் காட்டுவதுதானே? தொழில்முறை நடிகர் வேண்டாம், செட் வேண்டாம் என்றார்கள். அப்படிப்பட்ட படத்தில் எடிட்டருக்கு அப்படி என்ன பெரிய வேலை இருந்துவிடப் போகிறது? – கோவை வாசகர்

ப: இந்த ‘அப்படியே எடுத்தார்கள்’ கதையை யார் கிளப்பிவிட்டார்களோ, எழுபது வருடமாக ஓடுகிறது. ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ கடைசிப் பகுதியைப் போட்டுவிட்டு, அதன் சோகத்தைக் கொஞ்சம் மறந்துவிட்டு, வெட்டுகளை மட்டும் கவனித்துப் பாருங்கள்.

திருட்டுப்போன சைக்கிளை நாளெல்லாம் தேடியும் கிடைக்காமல் அந்தோனியோவும் பையன் புரூனோவும் கால்பந்து ஸ்டேடியத்துக்கு வெளியே நடைபாதை ஓரத்தில் வந்து உட்காருகிறார்கள். உள்ளே கூட்டத்தின் இரைச்சல். வெளியே வரிசை வரிசையாக நிறுத்தி வைத்த சைக்கிள்கள், நூற்றுக்கணக்கில். அந்தோனியோவின் முகம். அவன் திரும்புகிறான், பக்கத்துத் தெருவில் ஒரு வீட்டு வாசலில் தனியாகச் சாய்த்து வைத்த ஒரே ஒரு சைக்கிள். மறுபடி முகம். மறுபடி அந்தச் சைக்கிள் வரிசை. எழுந்து நடக்கிறான், வந்து உட்காருகிறான், திரும்ப எழுகிறான். ‘திருடலாமா’ என்று அவன் வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்வதில்லை, பின்னணிக் குரல் கிடையாது, ஆனால் அவன் மனதில் ஓடுவது கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவனுக்குக்கூடப் புரிந்துவிடுகிறது. புரிய வைப்பது எது? நடித்த லாம்பெர்த்தோ மஜ்ஜோரானி அதற்கு முன் கேமராவைப் பார்த்திராத ஒரு தொழிற்சாலைத் தொழிலாளி. அவருடைய முகத்துக்கு முன்னும் பின்னும் எதை வைத்தார்கள், எவ்வளவு நேரம் வைத்தார்கள் என்பதுதான் அந்த முகத்துக்கு எண்ணத்தைக் கொடுக்கிறது. அது முழுக்க எடிட்டிங் மேஜையில் நடந்த வேலை.

அதற்குப் பிறகு பையனிடம் காசைக் கொடுத்து டிராமில் போகச் சொல்கிறான். புரூனோ டிராமைத் தவறவிடுகிறான். அப்பா சைக்கிளில் ஏறி ஓட, பின்னால் ஒரு கும்பல் துரத்த, படம் துரத்தலோடேயே ஓடிவிடாமல் பையனின் முகத்துக்குத் திரும்புகிறது. நாம் திருட்டைப் பார்ப்பது போக, தன் அப்பா திருடுவதைப் பார்க்கிற பிள்ளையைப் பார்க்கிறோம். அந்த ஒரு வெட்டு இல்லாவிட்டால் அது ஏதோ ஒரு துரத்தல் காட்சி, அவ்வளவுதான். பிடித்து நாலு அறை விட்ட பிறகு, கீழே விழுந்த அப்பாவின் தொப்பியைப் பையன் எடுத்துத் தூசி தட்டுகிறானே, அதற்கு எவ்வளவு நேரம் விட்டிருக்கிறார்கள் என்று பாருங்கள். ரொம்ப நேரமில்லை. நம்மூர்ப் படமாக இருந்தால் அந்தத் தொப்பிக்கே ஒரு ஸ்லோமோஷனும் வயலினும் போயிருக்கும்.

‘உள்ளது உள்ளபடி’ என்று நமக்குத் தோன்ற வைத்திருக்கிறார்கள் பாருங்கள், அதற்குத்தான் இவ்வளவு கணக்கு.

கே: ‘ரோம் ஓப்பன் சிட்டி’யைக் கையில் கிடைத்த துண்டு துணுக்கு ஃபிலிமில் எடுத்தார்கள், அதனால்தான் காட்சிக்குக் காட்சி வெளிச்சம் மாறுகிறது என்று படித்தேன். உண்மையா? – சேலம் வாசகர்

ப: பாதி உண்மை. ரோம் நகரம் ஜெர்மானியர்களிடமிருந்து 1944 ஜூனில் விடுதலையானது. 1945 ஜனவரியில் ஷூட்டிங் தொடங்கும்போது வட இத்தாலியில் இன்னும் ஜெர்மானியர்கள் இருந்தார்கள். ஃபிலிம் தட்டுப்பாடு நிஜம், காசு தட்டுப்பாடு அதைவிட நிஜம். ஆனால் பின்னாளில் நெகட்டிவைச் சுத்தம் செய்து புதுப்பித்தபோது பார்த்தால் மூன்றே மூன்று வகை ஃபிலிம்தான் இருந்தது: வெளிப்புறத்துக்கு ஃபெர்ரானியா, உள்ளே எடுத்ததற்கு இரண்டு வகை ஆக்ஃபா. வெளிச்சம் மாறி மாறி வந்ததற்கு லேபில் சரியாகக் கழுவாததே முக்கியக் காரணம் என்று தெரிந்தது.

எடிட்டருக்கு எந்தக் காரணமாக இருந்தாலும் தலைவலி ஒன்றுதான். ஒரு ஷாட் வெளுத்து, அடுத்தது கறுத்து இருந்தால் ஒட்டின இடம் பளிச்சென்று தெரியும். தெரியாமல் இருக்க ஒரே வழி, பார்ப்பவன் கண்ணை வேறு எதிலாவது மாட்டி வைப்பது. நடிகை அன்னா மன்யானி, காதலனை ஜெர்மானியர்கள் ஏற்றிப்போகிற லாரிக்குப் பின்னால் ‘ஃபிரான்செஸ்கோ’ என்று கத்திக்கொண்டே ஓடுகிற இடத்தை நினைத்துப் பாருங்கள். ஓடுகிறாள், வெடிச்சத்தம், விழுகிறாள். சுட்டவன் முகம் நமக்கு இல்லை, துப்பாக்கி குளோசப் இல்லை, இழுவை இல்லை. படம் பாதிதான் ஓடியிருக்கிறது, கதாநாயகி என்று நினைத்தவள் தெருவில் கிடக்கிறாள். அந்த அதிர்ச்சியில் யாருக்கு ஃபிலிம் கறை தெரியும்?

கே: இத்தாலியப் படங்களில் வாயசைவும் பேச்சும் ஒட்டாமலே போகிறதே, எடிட்டர் தூங்கிவிட்டாரா? – கும்பகோணம் வாசகி

ப: அவர் மேல் பழி போடாதீர்கள் அம்மா. அந்தக் காலத்தில் இத்தாலியில் பெரும்பாலான படங்களை ஷூட்டிங்கில் சத்தம் பதிவு செய்யாமல் எடுத்துவிட்டு, பிற்பாடு ஸ்டூடியோவில் டப்பிங் பேசுவார்கள். தெருவில் நடித்தவர் ஒருவர், குரல் கொடுத்தவர் இன்னொருவர் என்பது சர்வ சாதாரணம். விஸ்கோந்தி என்கிற இயக்குநர் சிசிலித் தீவு மீனவர்களை அவர்கள் பேச்சிலேயே பேச வைத்து, இடத்திலேயே சத்தம் பதிந்து எடுத்த ‘லா தெர்ரா த்ரேமா’ (1948) மாதிரி விதிவிலக்குகள் கொஞ்சம்தான்.

இதனால் எடிட்டருக்கு ஒரு பெரிய சுதந்திரம் கிடைத்தது என்பதை யாரும் கவனிப்பதில்லை. வசனம் முடியும் வரை ஷாட்டைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. முதலில் படத்தைப் படமாகவே வெட்டலாம், பார்வை, நடை, திரும்புதல், இதையெல்லாம் வைத்து ஒரு தாளம் கட்டிவிட்டு அதன் மேல் பேச்சை ஏற்றலாம். நான் மேலே சொன்ன ஸ்டேடியக் காட்சியை ஒலியை அணைத்துவிட்டுப் பார்த்தாலும் புரியும் என்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

கே: முசோலினி காலத்தில் இவர் என்ன செய்துகொண்டிருந்தார்? – நாகர்கோவில் வாசகர்

ப: எடிட்டிங்தான். ரொஸெல்லினி போர்க்காலத்தில் கடற்படை ஆதரவோடு எடுத்த ‘லா நாவே பியாங்கா’ (1941), அடுத்து எடுத்த ‘உன் பிலோத்தா ரித்தோர்னா’ (1942) எல்லாம் இவர் மேஜை வழியாகத்தான் போயின. ஆட்சிக்குப் பிடித்த படத்தை வெட்டிய அதே கத்தரி மூன்றே வருடத்தில் எதிர்ப்பாளர்களின் கதையான ‘ரோம் ஓப்பன் சிட்டி’யை வெட்டியது. இதை ஒரு குற்றமாக அவர் தலையில் மட்டும் கட்ட முடியாது, அன்றைய இத்தாலிய சினிமாவில் பாதிப் பேர் இந்தப் பாலத்தைக் கடந்து வந்தவர்கள்தான். ஆனால் நியோரியலிசம் 1945ல் வானத்திலிருந்து குதித்தது என்று எழுதுகிறவர்கள் இந்தப் பட்டியலை ஒருதரம் பார்க்கலாம்.

கே: பிரான்ஸின் கான் திரைப்பட விழாவில் ‘லாவெந்தூரா’வைப் பார்த்துக் கூட்டம் ‘கட், கட்’ என்று கத்தியதாமே? எடிட்டர் உள்ளே இருந்திருந்தால் என்ன நினைத்திருப்பார்? – சென்னை வாசகர்

ப: கத்தியது உண்மை. 1960 மே மாதம். ஒரு பெண் ஒரு தீவில் காணாமல் போகிறாள், தேடுகிறார்கள், கொஞ்சம் கொஞ்சமாகத் தேடுவதையே மறந்துவிடுகிறார்கள், கடைசி வரை அவள் என்ன ஆனாள் என்று படம் சொல்வதில்லை. ஷாட்கள் நீளமாக நின்றபோதெல்லாம் கூட்டம் ஊளையிட்டது, சிரித்தது, ‘வெட்டு, வெட்டு’ என்று குரல் கொடுத்தது. அந்தோனியோனியும் கதாநாயகி மோனிகா வித்தியும் மனம் நொந்து வெளியேறினார்கள். மறுநாளே படத்துக்கு ஆதரவாகக் கலைஞர்களும் விமர்சகர்களும் கையெழுத்துப் போட்டு ஓர் அறிக்கை வெளியிட்டார்கள், அதில் ரொஸெல்லினியின் கையெழுத்தும் இருந்தது. விழா முடிவில் படத்துக்கு ஜூரி பரிசு. அந்த வருடத்து முதல் பரிசான தங்கப் பனை இயக்குநர் ஃபெல்லினியின் ‘லா தோல்ச்சே வீத்தா’வுக்குப் போனது.

தா ரோமா என்ன நினைத்திருப்பார் என்று நான் சொன்னால் அது கதை விடுவதாகிவிடும். ஆனால் ஒன்று சொல்லலாம். அறுபது வயது ஆள், எங்கே வெட்டினால் கூட்டம் கைதட்டும் என்று நன்றாகத் தெரிந்தவர். வெட்டத் தெரியாமல் விட்டதாக யாராவது நினைத்தால் அவர்கள் ‘ரோம் ஓப்பன் சிட்டி’யைப் பார்க்கவில்லை என்று அர்த்தம்.

கே: அந்தோனியோனி படமென்றால் மெதுவாக நகரும், நீளமான ஷாட்கள், கேமராவை வைத்துவிட்டுப் போய்விடுவார். எடிட்டிங் என்று பேச அதில் என்ன இருக்கிறது? – புதுச்சேரி வாசகர்

ப: முதல் படத்தில் உங்கள் கட்சிக்குச் சாட்சி கிடைக்கும். ‘குரோனாகா தி உன் அமோரே’யில் ஒரு பாலத்தின் மேல் காதலர்கள் இருவரும் கணவனைத் தீர்த்துக்கட்டுவது பற்றிப் பேசுகிற இடம், ஒரே ஷாட்டில் கேமரா அவர்களைச் சுற்றிச் சுற்றி வரும். எடிட்டர் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதுதான். (அங்கே வெட்டாமல் இருக்க வேண்டும் என்று தெரிந்திருப்பதும் தொழில்தான், ஆனால் அதற்குச் சம்பளம் கேட்டால் தயாரிப்பாளர் முறைப்பார்.)

ஆனால் ‘லெக்லிஸ்ஸே’ முடிவைப் பாருங்கள். காதலர்கள் இரண்டு பேரும் அன்றைக்கு மாலை அதே இடத்தில், ரோமின் புறநகரான இஊர் (EUR) என்கிற பகுதியில் கட்டி முடிக்காத ஒரு கட்டிடத்தின் மூலையில், எட்டு மணிக்குச் சந்திப்பதாகச் சொல்லிப் பிரிகிறார்கள். மாலை வருகிறது. இரண்டு பேரும் வருவதில்லை. கேமரா மட்டும் வந்து காத்திருக்கிறது. தண்ணீர் வைத்த தகரப் பீப்பாய், அதிலிருந்து ஒழுகி ஓடுகிற நீர், குழந்தை வண்டியைத் தள்ளிக்கொண்டு போகிற ஒரு தாதி, பஸ்ஸிலிருந்து இறங்குகிற ஒருவர் கையில் பத்திரிகை, அதில் அணு ஆயுதப் போட்டி பற்றிய தலைப்பு, காற்றில் ஆடுகிற மரம், தெருவைக் கடக்கப் போட்ட, வெறிச்சோடிய வரிக்கோடு, தெருவிளக்கு. ஏறத்தாழ ஏழு நிமிடம்.

பார்க்கிறவனுக்கு யுகமாகத் தெரிகிறது. எண்ணிப் பார்த்தால் அந்த ஏழு நிமிடத்தில் ஐம்பதுக்கும் மேற்பட்ட ஷாட்கள். வகுத்துக்கொள்ளுங்கள், ஒரு ஷாட்டுக்கு ஒன்பது விநாடிகூட வராது. நீளமான ஷாட்டே இல்லை என்று சொல்லிவிடலாம். மெதுவாகத் தெரிவதற்குக் காரணம் வேறு: ஒவ்வொரு ஷாட்டும் வரும்போது ‘இதோ வந்துவிட்டான்’ என்று நாம் எதிர்பார்க்கிறோம், வருவது அவன் இல்லை. தலைமுடியைப் பார்த்து அவள்தான் என்று நினைக்கிறோம், திரும்பினால் வேறு யாரோ. ஏமாற்றத்தை ஒரு தாளத்தில் திரும்பத் திரும்ப வைத்திருக்கிறார்கள். இது கேமராவை வைத்துவிட்டுப் போனவன் செய்கிற வேலையில்லை, உட்கார்ந்து ஃப்ரேம் ஃப்ரேமாகக் கோத்த வேலை. இதைப் பொறுக்க முடியாமல் அமெரிக்காவில் சில தியேட்டர்காரர்கள் அந்த ஏழு நிமிடத்தைக் கழற்றிவிட்டே ஓட்டினார்கள் என்று சொல்வார்கள். கழற்றிப் பார்த்தால் மிஞ்சுவது ஒரு சாதாரணக் காதல் தோல்விக் கதை.

கே: அப்படியானால் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ பாணி வேறு, ‘லெக்லிஸ்ஸே’ பாணி வேறு. இரண்டையும் ஒரே ஆள் செய்தார் என்றால் அவருக்கென்று சொந்தப் பாணி இல்லை, டைரக்டர் சொன்னதைச் செய்தவர் என்றுதானே ஆகிறது? – மதுரை வாசகர்

ப: நல்ல கேள்வி, கொஞ்சம் காரமான கேள்வியும்கூட. டைரக்டர் சொன்னதைச் செய்தவர் என்பதை நான் மறுக்கவில்லை. அந்தோனியோனி பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போது இவர் தன்னிஷ்டத்துக்கு எதையும் செய்திருக்க முடியாது. ஆனால் இரண்டும் வேறு வேறு என்று நீங்கள் சொல்வதில்தான் எனக்குச் சம்மதமில்லை.

நடுவில் ஒரு படம் இருக்கிறது, ‘உம்பர்த்தோ டி’. பென்ஷன் போதாமல் வாடகை கட்ட முடியாத ஒரு கிழவர், அவருடைய நாய். அந்த வீட்டில் வேலை செய்கிற மரியா என்கிற பெண் காலையில் எழுந்து சமையலறைக்கு வருகிறாள். தீக்குச்சி கிழித்து அடுப்பைப் பற்ற வைக்கிறாள். ஜன்னல் வழியே கூரை மேல் ஒரு பூனை நடந்து போகிறது, பார்க்கிறாள். சுவரில் எறும்பு, தண்ணீர் விட்டு விரட்டுகிறாள். வயிற்றைத் தொட்டுப் பார்க்கிறாள், கர்ப்பம், அவள் பழகிய இரண்டு ராணுவக்காரர்களும் பிள்ளைக்கு அப்பன் தான்தான் என்று ஒத்துக்கொள்வதில்லை. உட்கார்ந்து காப்பிக்கொட்டை அரைக்க ஆரம்பிக்கிறாள், கண்ணில் நீர் வழிகிறது, எழுந்திருக்காமலே காலை நீட்டிக் கட்டைவிரலால் கதவைத் தள்ளிச் சாத்தப் பார்க்கிறாள். கதைக்கு இதில் ஒன்றுகூடத் தேவையில்லை. வேறு எந்த எடிட்டர் கையில் கொடுத்தாலும் ‘காலை, காப்பி அரைக்கிறாள்’ என்று இரண்டு ஷாட்டில் முடித்துக் கொடுத்திருப்பார், தயாரிப்பாளரும் சந்தோஷப்பட்டிருப்பார். அந்த்ரே பாஸன் என்கிற பிரெஞ்சு விமர்சகர் இந்தச் சமையலறைக் காட்சியைத்தான் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு கொண்டாடினார்.

இது 1952. ஒன்றுமே நடக்காத நேரத்தை எவ்வளவு தூரம் தாங்க வைக்கலாம் என்பதை அந்த மேஜை அப்போதே பழகிவிட்டது. அங்கிருந்து ‘லாவெந்தூரா’ தீவு வரைக்கும் எட்டு வருட நடை. டி சிகாவுக்கும் எழுத்தாளர் சவத்தீனிக்கும் மரியா ஏழை என்பதால் அவள் நேரத்துக்கு மதிப்புக் கொடுக்க வேண்டியிருந்தது, அந்தோனியோனிக்குப் பணக்காரர்களின் நேரம் எவ்வளவு வெறுமை என்று காட்ட வேண்டியிருந்தது. ஆள் மாறினார்கள், நோக்கம் மாறியது. கதை ‘போதும், அடுத்தது’ என்று இழுக்கும்போது ‘இன்னும் கொஞ்சம் இருக்கட்டும்’ என்று நிற்கிற கை இரண்டிலும் ஒன்றுதான். அதைப் பாணி என்று ஒத்துக்கொள்வதும் மறுப்பதும் உங்கள் இஷ்டம்.

கே: இவ்வளவு பெரிய கலைஞர் கமர்ஷியல் பக்கம் தலைவைத்துப் படுத்ததே இல்லையா? – ஈரோடு வாசகர்

ப: தாராளமாகப் படுத்தார்! ஸ்டீவ் ரீவ்ஸ் என்கிற கட்டுமஸ்தான நடிகர் நடித்த ‘தி லாஸ்ட் டேஸ் ஆஃப் பாம்பேய்’ (1959), செர்ஜியோ லியோனே தன் பெயரில் முதன்முதலாக இயக்கிய ‘தி கொலோசஸ் ஆஃப் ரோட்ஸ்’ (1961), இரண்டும் இவர் எடிட் செய்தவை. வருடங்களைக் கவனியுங்கள். ஒரு பக்கம் ‘லா நோத்தே’யில் ஒரு பெண் மிலான் தெருக்களில் சும்மா நடந்துகொண்டே இருக்கிறாள், இன்னொரு பக்கம் ரோட்ஸ் தீவில் பூகம்பம் வந்து ராட்சதச் சிலை சாய்கிறது, இரண்டும் ஏறக்குறைய ஒரே காலம்.

அவர் மட்டுமில்லை, மரியோ செராந்த்ரேய் என்று இன்னொரு மகா எடிட்டர், விஸ்கோந்தியின் ‘ஒஸ்ஸெஸ்ஸியோனே’யிலிருந்து (1943) ‘தி லெப்பர்ட்’ (1963) தாண்டியும் அவரோடு இருந்தவர், 1958ல் ‘ஹெர்குலிஸ்’ படத்தையும் வெட்டினார், மரியோ பாவாவின் பேய்ப் படங்களையும் வெட்டினார். ‘நியோரியலிசம்’ என்ற பெயரை முதலில் தனக்கு எழுதி அனுப்பியது செராந்த்ரேய்தான் என்று விஸ்கோந்தியே சொல்லியிருக்கிறார். பெயர் வைத்தவரும் ஹெர்குலிஸுக்கு வேலை செய்துதான் வீட்டு வாடகை கட்டினார். வருடத்துக்கு ஒரு கலைப்படம் மட்டும் என்று டைரக்டர் உட்காரலாம், எடிட்டருக்கு அந்த வசதி கிடையாது.

கே: வெட்டிக் கொடுத்ததைத் தயாரிப்பாளர் மாற்றிய அனுபவம் உண்டா? – தஞ்சாவூர் வாசகர்

ப: உண்டு, பெரிய கதை. டி சிகாவின் ‘ஸ்தாட்ஸியோனே தெர்மினி’ (1953). ரோமின் ரயில் நிலையத்திலேயே எடுத்த படம், ஜெனிஃபர் ஜோன்ஸும் மான்ட்கமரி கிளிஃப்டும் நடித்தது. கூட்டுத் தயாரிப்பாளர் ஹாலிவுட்டின் டேவிட் செல்ஸ்னிக், கதாநாயகியின் கணவர் வேறு. இத்தாலியில் ஒன்றரை மணி நேரம் ஓடிய படத்தை அவர் அமெரிக்காவுக்கு 64 நிமிடமாக நறுக்கினார், தலைப்பையும் மாற்றினார். அவ்வளவு சின்னதாகிவிட்டதால் தியேட்டரில் நேரத்தை நிரப்ப முன்னால் ஒரு பாட்டுத் துணுக்குப் படத்தை ஒட்ட வேண்டி வந்தது! போனது எது தெரியுமா? நிலையத்தில் வந்து போகிற மனிதர்கள், பக்கத்துக் கதைகள், கூட்டம். மிஞ்சியது இரண்டு நட்சத்திரங்களின் முகம். இரண்டு பதிப்பையும் அடுத்தடுத்துப் பார்த்தால், எடிட்டிங் என்றால் என்ன என்று மூன்று மாத வகுப்பில் சொல்லித் தருவது ஒரே இரவில் புரிந்துவிடும்.

கே: அப்போது கம்ப்யூட்டர் கிடையாது. எப்படித்தான் ஒட்டினார்கள்? தவறாக வெட்டிவிட்டால் என்ன ஆகும்? – வேலூர் கல்லூரி மாணவர்

ப: ஒரு விநாடிக்கு 24 ஃப்ரேம், ஒரு நிமிடத்துக்கு 90 அடி ஃபிலிம். ஒன்றரை மணி நேரப் படம் எட்டாயிரம் அடிக்கு மேல். அதை மூவியோலா என்கிற எடிட்டிங் இயந்திரத்தில் ஓட்டிப் பார்த்து, மெழுகுப் பென்சிலால் குறி போட்டு, வெட்டி, ஓரத்தில் மேல்பூச்சைச் சுரண்டி, பசை தடவி, ஒன்றின் மேல் ஒன்றை ஏற்றி அழுத்தினால் ஒட்டும். ஒட்டியதைப் பிரித்து மறுபடி ஒட்டினால் அந்த இடத்தில் ஃப்ரேம் போய்விடும். அதாவது மனதை மாற்றிக்கொள்கிற ஒவ்வொரு தடவையும் படம் கொஞ்சம் தேயும். உங்களுடைய ‘அன்டூ’ பட்டன் அங்கே கிடையாது.

இந்தத் தொல்லையிலிருந்து விடுதலை தந்தவரும் இத்தாலிய எடிட்டர்தான். லியோ கத்தோட்ஸோ, ஃபெல்லினியின் ‘லா ஸ்த்ராதா’, ‘லா தோல்ச்சே வீத்தா’, ‘எட்டரை’ எல்லாம் எடிட் செய்தவர். பசைக்குப் பதில் கண்ணாடி மாதிரி ஒட்டு டேப்பை வைத்து, ஒரே அழுத்தில் டேப்பையும் வெட்டி, ஃபிலிம் ஓட்டைகளுக்கு நேராக டேப்பிலும் ஓட்டை போடுகிற சின்ன இயந்திரம் ஒன்றைத் தானே செய்தார். ஃப்ரேம் நஷ்டமில்லை, பிடிக்கவில்லையா, டேப்பை உரித்துவிட்டு மறுபடி ஒட்டலாம். உலகமெங்கும் எடிட்டிங் அறைகளுக்கு அது போய்ச் சேர்ந்தது. ‘எட்டரை’ போல நினைவும் கனவும் நிஜமும் கலந்து ஓடுகிற படத்தை நூறு விதமாக மாற்றி மாற்றிப் பார்க்காமல் எடிட் செய்ய முடியுமா என்று யோசித்தால், இந்தக் கருவிக்கும் அந்தச் சினிமாவுக்கும் சம்பந்தமில்லை என்று என்னால் நினைக்க முடியவில்லை.

கே: பெண் எடிட்டர்கள் யாரும் இல்லையா? – திருநெல்வேலி வாசகி

ப: இருந்தார்கள், நிறைய. ரொஸெல்லினிக்கு 1950லிருந்து வெளியான ‘ஸ்ட்ராம்போலி’, ‘ஐரோப்பா 51’, ‘ஜர்னி டு இத்தாலி’ படங்களின் எடிட்டர் யோலாந்தா பென்வெனூத்தி. சோஃபியா லாரனுக்கு ஆஸ்கர் வாங்கித் தந்த டி சிகாவின் ‘டூ விமன்’ (1960) அட்ரியானா நொவெல்லி எடிட் செய்தது. தா ரோமாவையாவது நாம் இவ்வளவு பேசுகிறோம். ‘ஜர்னி டு இத்தாலி’ இல்லாமல் நவீன சினிமாவே இல்லை என்று எழுதுகிற பிரெஞ்சுக்காரர்கள்கூடப் பென்வெனூத்தி பெயரைச் சொல்லக் கஞ்சத்தனம் செய்வார்கள்.

கே: விருது ஏதாவது? – காஞ்சிபுரம் வாசகர்

ப: இத்தாலியின் ‘தாவீத் தி தோனத்தெல்லோ’ விருது 1956ல் தொடங்கியது. அதில் எடிட்டிங்குக்கு என்று ஒரு பிரிவை 1981ல்தான் ஏற்படுத்தினார்கள், தா ரோமா காலமானதும் அதே வருடம்தான். கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

கே: இதெல்லாம் நம்மூருக்கு எப்போது வந்தது? – சென்னையிலிருந்து இன்னொரு வாசகர்

ப: 1952 ஜனவரியில் பம்பாயில் தொடங்கி மதராஸ், டெல்லி, கல்கத்தா என்று சுற்றி வந்தது இந்தியாவின் முதல் சர்வதேசத் திரைப்பட விழா. இத்தாலியிலிருந்து வந்த படங்களில் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’, ‘மிராக்கிள் இன் மிலான்’, ‘ரோம் ஓப்பன் சிட்டி’ மூன்றும் உண்டு. மூன்றுக்கும் எடிட்டர் தா ரோமா. அந்த விழாவில் பார்த்துவிட்டு ‘ஆகா, டி சிகா! ஆகா, ரொஸெல்லினி!’ என்று இங்கே எழுதினார்கள், பேசினார்கள். டைட்டில் கார்டில் மூன்று தடவை வந்து போன பெயரை யாரும் குறித்துக்கொண்ட மாதிரி தெரியவில்லை.

கே: குறும்பட எடிட்டிங் கற்றுக்கொண்டிருக்கிறேன். இவரிடமிருந்து கற்றுக்கொள்ள எந்தப் படத்தில் தொடங்கலாம் அண்ணா? – திண்டுக்கல் வாசகர்

ப: எல்லோரும் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ என்பார்கள், நானும் அதைத்தான் மேலே அலசினேன், ஆனால் உங்களுக்கு ‘உம்பர்த்தோ டி’யின் சமையலறையைச் சொல்வேன். அந்தக் காட்சியை மட்டும் சாஃப்ட்வேரில் ஏற்றிக்கொண்டு, உங்கள் வாத்தியார் சொல்லிக் கொடுத்தபடி ‘விறுவிறுப்பாக’ ஒரு நிமிடத்துக்குள் சுருக்கிப் பாருங்கள். எந்த ஷாட்டை எடுத்தால் மரியா வெறும் வேலைக்காரியாகிவிடுகிறாள் என்று தெரியவரும். என் கணிப்பு அந்தப் பூனை ஷாட். உங்களுக்கு வேறு ஒன்று தோன்றினால் எழுதுங்கள், அடுத்த இதழில் போடுவோம்.